சில்லில் போடாத முகம்

எங்கள் அண்ணனுக்குக் கல்லறைக் கல் கடையில் ‘தொடாதே’ என்று பெயர். பெற்றவர்கள் வைத்த பெயர் ஒன்று இருக்கத்தான் இருக்கிறது. சம்பள நாளில் மட்டும் யாராவது அதைச் சொல்வார்கள். மற்ற நாளெல்லாம் ‘தொடாதே வந்தாச்சா’, ‘தொடாதே சாப்பிடப் போயிருக்கார்’ என்றுதான் பேச்சு. கடையில் இருக்கும் ஒரே கம்ப்யூட்டருக்குப் பக்கத்தில் யார் போனாலும் அவன் வாயிலிருந்து முதலில் வருகிற சொல் அது. முதலாளி போனாலும் அதுதான். நான் கூடப்பிறந்த தங்கை, அதே கடையில் முன்மேசையில் உட்கார்ந்து ஆர்டர் வாங்குகிறவள். எனக்கும் அதே மரியாதைதான்.

கடை வேலையைச் சொல்லிவிடுகிறேன். இறந்தவர்களின் முகத்தைக் கறுப்புக் கல்லில் பொறித்துக் கொடுப்போம். குடும்பத்தார் போட்டோ கொண்டுவருவார்கள். நான் அழுகிறவர்களுக்குத் தண்ணீர் கொடுப்பேன், எந்தப் போட்டோ என்று சண்டை போடுகிறவர்களை வெளியே போய்ப் போட்டுவிட்டு வரச் சொல்வேன். ஒருவழியாக ஒரு போட்டோ என் கைக்கு வந்ததும் அண்ணனிடம் போகும். அவன் அதை ஸ்கேன் செய்து, படத்துக்கான மென்பொருளில் ஏற்றி, கறை கீறல் எல்லாம் துடைத்து, கறுப்பு வெள்ளையாக்கி மெஷினுக்கு அனுப்புவான். மெஷினில் வைர முனை வைத்த ஊசி ஒன்று உண்டு. மெருகேற்றிய கல்லில் அது கொத்திய இடம் வெள்ளைப் புள்ளியாகும். கொத்தாத இடம் கறுப்பாகவே இருக்கும். புள்ளிகள் நெருங்கினால் நெற்றி, கன்னம். விலகினால் நிழல். ஒரு முகம் முடிய அரை நாள் ஆகிவிடும்.

அண்ணன் இதற்கென்று படித்தவன் அல்ல. கணக்கெழுத வந்தவன். மெஷின் வாங்கிய புதிதில் அதை ஓட்டத் தெரிந்த ஒருவர் இருந்தார். வேறு எங்கோ நல்ல வேலை கிடைத்ததும் சொல்லாமல் கொள்ளாமல் போய்விட்டார். முதலாளி அண்ணனைப் பார்த்து, “நீதான் தினமும் கீபோர்டைத் தட்டிக்கிட்டிருக்கியே, இதையும் சேர்த்துத் தட்டு” என்றார். அவனும் தட்டித் தட்டியே கற்றுக்கொண்டான். ஆரம்பத்தில் அவன் பொறித்த ஒரு பெரியவருக்கு மூன்று புருவம் இருந்ததாகப் பாலிஷ்காரர் இன்றைக்கும் சொல்லிக்கொண்டிருக்கிறார். அவர் கல்லைத் தேய்த்து மெருகேற்றுகிறவர். அண்ணன் தப்புச் செய்தால் அந்த முகத்தைத் தேய்த்து அழித்து, கல்லை மறுபடி வழுவழுப்பாக்குவதும் அவர் தலையில்தான் விடியும். அதனால் அவர் பேச்சில் கொஞ்சம் காரம் இருக்கும்.

‘தொடாதே’ என்ற பெயர் வந்தது முதலாளியின் சீட்டாட்டத்தால். மத்தியான வேளைகளில் அவர் அந்தக் கம்ப்யூட்டரில் ஒரு சீட்டு விளையாட்டை ஏற்றிவைத்து ஆடிக்கொண்டிருந்தார். வீட்டில் வாங்கிக் கட்டிக்கொண்டாரோ என்னவோ, ஒருநாள் ஞானம் பிறந்து அதை நீக்கப் போனார். நீக்கும்போது கம்ப்யூட்டர் கேட்டிருக்கிறது: இது பொதுக் கோப்பு, வேறு மென்பொருள் எதுவும் இதைப் பயன்படுத்துவதாகத் தெரியவில்லை, அழித்துவிடலாமா என்று. மனிதர் எல்லாவற்றுக்கும் ‘ஆம்’ என்று அழுத்திவிட்டு வீட்டுக்குப் போய்த் தூங்கினார். மறுநாள் படத்துக்கான மென்பொருள் திறக்கவில்லை. டிஎல்எல் என்கிற அந்தப் பொதுக் கோப்பைக் காணோம் என்று ஒரு சின்னப் பெட்டி திரையில் வந்து நின்றது. ஸ்கேனரும் அதையே சொன்னது. மெஷினுக்குப் படம் அனுப்புகிற மென்பொருளும் அதையே சொன்னது. ஒன்று போனதில் மூன்றும் படுத்துவிட்டன.

எனக்கு இதெல்லாம் புரியவில்லை. அண்ணன்தான் சொன்னான்.

“நம்ம வீட்டு மொட்டைமாடித் தொட்டி மாதிரி வெச்சுக்கோ. மூணு வீட்டுக்கும் ஒரே தொட்டி. வீட்டுக்கு ஒண்ணு கட்டினா இடம் வீணுன்னு பொதுவா ஒண்ணு கட்டியிருக்கு. ஒருத்தர் வீட்டைக் காலி பண்ணிட்டுப் போகும்போது தொட்டியையும் உடைச்சுட்டுப் போனா எப்படி இருக்கும்?”

“உடைச்சவரை உதைக்கணும்.”

“முதலாளிய எப்படி உதைக்கிறது?”

“அப்போ அந்தத் தொட்டிய யாரும் பயன்படுத்தலன்னு கம்ப்யூட்டர் ஏன் சொல்லுச்சு?”

“நம்ம மென்பொருளெல்லாம் பழசு. ‘நான் இந்தத் தொட்டியில தண்ணி எடுக்கிறேன்’னு பேர் குடுத்து வெக்கிற பழக்கம் அதுக்கு இல்ல. பேர் குடுக்காதவன் இருக்கிறதே யாருக்கும் தெரியாது.”

மெஷினோடு வந்த சிடி வட்டில் அந்தக் கோப்பு இருக்கும் என்று தேடினான். அந்த வட்டு முதலாளி வீட்டில், காபி டம்ளருக்கு அடியில் கிடந்தது. அதிலிருந்து கோப்பை எடுத்து இருந்த இடத்தில் திரும்ப வைத்த பிறகுதான் கடை எழுந்தது. அன்றிலிருந்து கம்ப்யூட்டர் பக்கம் யாரையும் விட மாட்டான். புதிதாக எதையும் ஏற்றவும் விட மாட்டான். அழிப்பதைவிட ஏற்றுவதில்தான் அவனுக்குப் பயம் அதிகம். சாம்பல் நிறத்தை எத்தனை புள்ளியாக்க வேண்டும் என்கிற கணக்கு முழுக்க அந்தக் கோப்புக்குள் இருந்தது. திரையில் முகத்தைக் காட்டுவது வேறு. ஊசிக்கு எங்கே கொத்து, எங்கே விடு என்று சொல்வது அது. “அதே பேர்ல பழைய கோப்பு வந்து புதுச மிதிக்கப் பார்த்தா கம்ப்யூட்டர் கேக்கும். புதுசு வந்து பழச மிதிக்கும்போது கேக்காது. பேர் அதேதான் இருக்கும், உள்ள ஆள் வேற” என்பான். மூச்சுக்கு ஒரு தரம் சொல்லி எங்களுக்கெல்லாம் மனப்பாடமாகிவிட்டது.

கடையில் இன்னொரு கண்டிப்பும் உண்டு. எந்த முகமும் நேராகக் கல்லுக்குப் போகாது. உடைந்த கல்லின் சில்லு ஒன்றில் முதலில் சின்னதாகப் பொறிப்போம். குடும்பத்தார் பார்த்துச் சரி என்றால்தான் பெரிய கல். பார்த்து முடித்த சில்லுகள் கடையின் பின்பக்கம் குவிந்து கிடக்கும். அரை நெற்றி, ஒற்றைக் கண், சிரிக்கிற வாய் என்று எல்லாம் வானத்தைப் பார்த்துக் கிடக்கும். அதன்மேல் தெருநாய் ஒன்று படுத்துத் தூங்கும். புதிதாகப் பார்க்கிறவர்களுக்குத் தூக்கிவாரிப்போடும். எங்களுக்குப் பழகிவிட்டது. பழகாவிட்டால் அங்கே சோறு இறங்காது.

அண்ணி பள்ளிக்கூட வேன் ஓட்டுகிறவள். அளந்து பேசுகிற ஆள். அண்ணனுக்கு இவள் சரிப்பட்டு வருவாளா என்று நான்தான் ஆரம்பத்தில் மூக்கைச் சுளித்தேன்; நாத்தனார் என்று பட்டம் வாங்கிவிட்டுச் சும்மா இருக்க முடியுமா. ஆனால் வேன் நிறையப் பிள்ளைகளைக் குரலை உயர்த்தாமல் அடக்குகிறவள் என்னையும் அடக்கிவிட்டாள்.

அவளால் அடக்க முடியாதது அவள் பெற்றதுதான். வெகுநாள் கழித்துப் பிறந்த ஒரே பெண். வீட்டில், பள்ளியில், கடையில் எங்கும் அவளுக்கு ‘வாலு’ என்றுதான் பெயர். அண்ணன் ‘தொடாதே’ என்று சொல்லி முடிப்பதற்குள் தொட்டுவிட்டு நிற்பாள். கம்ப்யூட்டரைத் தொட அவள் ஒருத்திக்குத்தான் துணிச்சல் உண்டு. ஒருமுறை திரையில் இருந்த ஒரு அம்மாளுக்கு மௌஸால் மீசை வரைந்து சேமித்துவிட்டுப் போய்விட்டாள். அண்ணன் கவனிக்கவில்லை. நல்லவேளை, மீசை சில்லில்தான் வந்தது. அந்த அம்மாளின் பிள்ளைகள் வாசலில் நிற்கும்போது அதை நான் என் பையில் போட்டு மறைத்த பாடு எனக்குத்தான் தெரியும். பாலிஷ்காரர் சிரித்துச் சிரித்துப் புரையேறி உட்கார்ந்துவிட்டார். அண்ணன் திட்ட வாயெடுத்து, திட்ட முடியாமல் அவனும் சிரித்தான்.

அவளுக்கு ஒன்பது வயது நடக்கும்போது காய்ச்சல் வந்தது. போகவில்லை. ரத்தத்தில் கோளாறு என்றார்கள். அண்ணி வேன் சாவியைக் கொடுத்துவிட்டு மருத்துவமனைக்குக் குடிபோனாள்.

அண்ணனைப் பற்றி இங்கே உள்ளதை உள்ளபடி சொல்ல வேண்டும். அவன் ஓடாத ஓட்டம் இல்லை. மருந்துக்கு ஓடினான், ரத்தம் கொடுக்க ஆள் தேடி ஓடினான், டாக்டர் அறைக்கு வெளியே மணிக்கணக்கில் நின்றான். ஆனால் குழந்தையின் அறைக்குள் மட்டும் போக மாட்டான். பழங்களை வாசலிலேயே அண்ணி கையில் கொடுப்பான். தரையைப் பார்த்துக்கொண்டு, “சாப்பிட்டாளா?” என்பான். “உள்ள வாங்களேன்” என்று அண்ணி கூப்பிட்டால், “கடையில வேலை கிடக்கு” என்று திரும்பிவிடுவான். நாளெல்லாம் செத்தவர்களின் முகத்தைப் பெரிதாக்கிப் பெரிதாக்கிப் பார்க்கிறவனுக்கு, உயிரோடு இருக்கிற தன் பெண்ணின் முகம் நாளுக்கு நாள் மாறுவதைப் பார்க்கத் தெம்பு இல்லை. எனக்கு அது புரிந்தது. புரிந்தும் கோபம் வந்தது. அந்தக் கோபம் இன்னும் முழுதாகப் போகவில்லை.

மழைக்காலம் முடிவதற்குள் வாலு போய்விட்டாள்.

மண் அமுங்க வேண்டும், அதுவரை கல் நிறுத்தக் கூடாது என்பது எங்கள் தொழிலில் எல்லாருக்கும் தெரிந்ததுதான். மண் அமுங்கியது. அண்ணன் கல் தேர்ந்தெடுத்தான். பெயரும் தேதியும் பொறித்தான். முகத்துக்கான இடம் மட்டும் வெறுமையாக இருந்தது. அண்ணி அவ்வப்போது கேட்பாள். “இந்தப் போட்டோ சரியில்ல” என்பான். “ஊசி மாத்தணும்” என்பான். ஊரில் உள்ளவர்கள் முகமெல்லாம் வரிசையாகக் கல்லில் ஏறி வெளியே போய்க்கொண்டிருந்தன. வாலுவின் கல் சுவரோரம் சாய்ந்து நின்றது. அண்ணி என்னிடம் ஒரே ஒருமுறை சொன்னாள்: “அங்க போனா எந்த எடத்துல உக்கார்றதுன்னு தெரியல. ஒரு முகம் இருந்தா அதுக்கு முன்னாடி உக்காருவேன்.” அவள் கேட்டது அவ்வளவுதான்.

போட்டோவும் உண்மையிலேயே ஒன்றுதான் தேறியது. செல்போனில் எடுத்ததில் எல்லாம் வாலு ஓடிக்கொண்டிருந்தாள். கை ஒரு பக்கம், தலை ஒரு பக்கம். பள்ளியில் எடுத்த படத்தில் மட்டும் சிரிப்பை அடக்கிக்கொண்டு, கன்னம் உப்பி, நேராகப் பார்த்தாள். அதைக் கடை ஸ்கேனரில் வைத்தால் முகத்தின் குறுக்கே ஒரு கோடு விழுந்தது. பழைய ஸ்கேனர். மற்றவர்கள் முகத்தில் விழும் அந்தக் கோட்டை அண்ணன் துடைத்துவிடுவான். இவள் முகத்தில் கைவைத்துத் துடைக்க அவனுக்கு மனம் வரவில்லை. புது ஸ்கேனர் ஒன்று வாங்கிவந்தான். அதற்குரிய மென்பொருளை அவனே கம்ப்யூட்டரில் ஏற்றினான். வேறு யாராவது அதைச் செய்திருந்தால் கையை ஒடித்திருப்பான். ஏற்றி முடித்ததும் படம் கோடில்லாமல் வந்தது. திரையில் வாலு பளிச்சென்று சிரித்தாள். வீட்டுக்குப் போய் அண்ணியிடம், “நாளைக்குப் பொறிச்சிடுறேன். நாளன்னைக்குக் காலையில வந்து பாரு” என்று அவனே சொன்னான்.

மறுநாள் கடைக்கு விடுமுறை. அவனைத் தனியே விட மனமில்லாமல் நானும் போனேன். கல்லைப் படுக்கவைத்து ஊசியை இறக்கப் போனான்.

“சில்லு?” என்றேன்.

“வேண்டாம்.”

“அண்ணா, நீயே இப்படிப் பண்ணினா?”

“அந்தக் குவியல்ல அவ கெடக்க வேண்டாம்” என்றான்.

அந்த நாய் என் கண் முன்னால் வந்தது. தகப்பன் அல்லவா. மெஷின் கொத்தத் தொடங்கியது. அவன் ஜன்னல் பக்கம் போய் முதுகைக் காட்டி நின்றுகொண்டான். தூசு கல்லை மூடிக்கொண்டே இருந்ததால் எனக்கும் ஒன்றும் தெரியவில்லை. சாயங்காலம் ஊசி நின்றது. ஈரத்துணியால் அண்ணன் துடைத்தான்.

வாலுதான். அதே நேர்ப்பார்வை, அதே அடக்கிய சிரிப்பு. ஆனால் கண்ணுக்குக் கீழே கறுப்பு தேங்கியிருந்தது. உப்பிய கன்னம் ஒட்டிப் போயிருந்தது. கழுத்தில் எலும்பு எடுத்துக் காட்டியது. நான் மருத்துவமனைக்குப் போய் வந்தவள்.

“இது அவ இல்ல” என்றான் அண்ணன்.

ஊசியைக் கழற்றிப் பார்த்தான். சரியாக இருந்தது. திரையில் பார்த்தான். அங்கே பூரித்த கன்னம் அப்படியே இருந்தது. பிறகு அந்தப் பொதுக் கோப்பு இருக்கும் இடத்தைத் திறந்தான். பெயர் அதேதான். தேதி வேறு. புது ஸ்கேனரின் மென்பொருள் தன்னோடு அதே பெயரில் ஒரு புதுக் கோப்பைக் கொண்டுவந்து, கேட்காமல் கொள்ளாமல் பழையதை மிதித்துவிட்டிருந்தது. புதுக் கோப்பின் கணக்கில் லேசான நிழலெல்லாம் கனத்த நிழல். புள்ளி விழ வேண்டிய இடத்தில் விழவில்லை. சில்லில் போட்டிருந்தால் கொஞ்ச நேரத்தில் தெரிந்திருக்கும். அண்ணன் நாற்காலியில் உட்கார்ந்து இரண்டு கையாலும் தலையைப் பிடித்துக்கொண்டான். ஆறுதல் சொல்ல எனக்குத் தெரியும், அதுதான் என் பிழைப்பே. அன்றைக்கு ஒரு டம்ளர் தண்ணீரை மட்டும் அவன் பக்கத்தில் வைத்தேன்.

பிறகு அண்ணன் எழுந்து, வட்டிலிருந்து பழைய கோப்பை எடுத்து அதன் இடத்தில் வைத்தான். இந்த முறை ஒரு சில்லை எடுத்து மெஷினுக்கு அடியில் வைத்தான். முகம் சரியாக வந்தது. ‘அத்தை, பார்த்தியா’ என்று கூப்பிடுகிற முகம். அதைச் சட்டைப் பைக்குள் வைத்துக்கொண்டான்.

மறுநாள் காலையில் முதலாளி கல்லைப் பார்த்துவிட்டுப் பாலிஷ்காரரிடம், “சீக்கிரம் தேய்ச்சிடு. அவங்கம்மா வர்றதுக்குள்ள முடிச்சிடு” என்றார். பாலிஷ்காரர் என்றும் இல்லாத திருநாளாக ஒரு குத்தலும் இல்லாமல் தேய்க்கிற மெஷினை எடுத்துவந்தார். தண்ணீர்க் குழாயை மாட்டிக்கொண்டிருக்கும்போதே அண்ணி வந்துவிட்டாள்.

அண்ணன் பதறிக்கொண்டு குறுக்கே நின்றான். “இது தப்பா விழுந்துடுச்சு. என் தப்புதான். புது ஸ்கேனர் ஏத்தினதுல ஒரு கோப்பு மாறிப்போச்சு. நிழல் அதிகமாயிடுச்சு. அவ இப்படி இல்ல. தேய்ச்சிட்டு மறுபடி போட்டுடலாம். இதோ, இதைப் பாரு.” பையிலிருந்த சில்லை எடுத்து அவள் கையில் திணித்தான்.

அண்ணி சில்லை நெடுநேரம் பார்த்தாள். “இதுதான். இதையே போட்டுடுங்க” என்றாள். பிறகு அவனைத் தாண்டிப்போய்க் கல்லின் முன்னால் குந்தினாள். அழவில்லை. ஒட்டிய கன்னத்தின் மேல் விரலை வைத்தாள்.

“இது தப்பு இல்ல” என்றாள். “கடைசியில இப்படித்தான் இருந்தா.”

முதலாளி மெதுவாக வெளியே போனார்.

“இந்தக் கண்ணு இப்படித்தான் உள்ள போயிருந்துச்சு. கன்னம் இப்படித்தான். முடி மட்டும் கெடையாது.” அண்ணனைத் திரும்பிப் பார்த்தாள். குரலில் கோபம் இல்லை. பிள்ளைகளை வேனில் ஏற்றும்போது பேசுகிற அதே குரல். “நான் தினமும் பாத்தேன். எனக்குப் போதும். தேய்ச்சிடட்டும். நீங்கதான் பாக்கல. தேய்க்கிறதுக்கு முன்னாடி ஒரு தடவ பாத்துடுங்க.”

அண்ணன் அங்கேயே நின்றான். ஓடிவிடுவான் என்றுதான் நினைத்தேன். கடையில் ஓட எத்தனையோ வேலை இருந்தது. ஆனால் வந்து அண்ணிக்குப் பக்கத்தில் தரையில் உட்கார்ந்தான். தலையை நிமிர்த்தினான். கண்ணிலிருந்து நீர் வழிந்துகொண்டே இருந்தது, துடைக்கக்கூட இல்லை, பார்த்தான். நெற்றியிலிருந்து கழுத்து வரைக்கும் பார்த்தான்.

“ரொம்ப வலிச்சுதா அவளுக்கு?” என்று கேட்டான்.

“வலிச்சுது.”

“என்னைக் கேட்டாளா?”

“கேப்பா. ‘அப்பா ஏன் வாசல்லயே நிக்கிறாரு’ன்னு கேப்பா.”

“நீ என்ன சொன்ன?”

“அப்பாவுக்குக் கண்ணு வலி, கிட்ட வந்தா உனக்கும் ஒட்டிக்கும், அதான் வரலன்னு சொன்னேன்.”

“நம்பினாளா?”

அண்ணி கல்லையே பார்த்துக்கொண்டிருந்தாள். “அவளா நம்புவா” என்றாள்.